வெள்ளெலியும் கொள்ளை நோயும்

பெங்களூரிலிருந்து கிழக்கே கோலார், முல்பாகல் வழியாகச் சித்தூரை நோக்கிச் செல்லும் நெடுஞ்சாலையில் பயணம் செய்தவர்கள் நம்முள் பலர் இருப்பர். இருபுறமும் கருங்கற் குன்றுகள், இடையே செம்மண் மேடுகள், கேழ்வரகும் கொள்ளும் நிலக்கடலையும் விளையும் மானாவாரி நிலங்கள், வேலியோரங்களில் முட்புதர்கள். மழை குறைந்த இந்நிலப்பரப்பைக் கடக்கும்போது ஊர் நினைவு வருவது நமக்கு இயல்பு. தருமபுரியும் ஓசூரும் இதே மண்ணின் தொடர்ச்சிதான். தமிழகம், கருநாடகம், ஆந்திரம் ஆகிய மூன்றும் கூடும் இம்முனையில் ஒரு சிறு பிராணி வாழ்கின்றது. மாநில எல்லைகளை அது அறியாது. நம் நாட்டின் அண்மைக் கால வரலாற்றிலே அதற்கு ஓர் இடம் உண்டு என்பதை நம்மிற் பெரும்பாலோரும் அறியோம். அதுதான் வெள்ளெலி.

வெள்ளெலி என்றவுடன் ஆய்வுக்கூடங்களிற் கூண்டில் வளர்க்கப்படும் வெண்ணிற எலியை எண்ணிவிடலாகாது. நாம் கூறுவது காட்டிலும் கரம்பிலும் வளை தோண்டி வாழும் எலி. அதன் முதுகு மணல் நிறம். வயிறு தூய வெண்மை. கண்கள் பெரியவை. உடலினும் நீண்ட வால். அவ்வாலின் நுனியில் தூரிகை போல ஒரு கரிய மயிர்க்குச்சம். பின்னங்கால்கள் நீளமானவை, அச்சமுற்றால் ஓடுவதைவிடத் தாவுவதையே அது விரும்பும். இதனாலேயே வடநாட்டில் இதற்கு ஹர்னா மூஸ், அதாவது மான் எலி, என்று பெயர் வழங்கிற்று. ஆங்கிலேயரும் அப்பெயரையே தம் மொழியில் ஆக்கிக்கொண்டனர். பகல் முழுதும் வளைக்குள் உறங்கும். அந்தி சாய்ந்தபின் வெளிப்பட்டு விதை, தானியம், கிழங்கு, புல், பூச்சி எனக் கிடைத்ததை உண்ணும். வளைக்கு வாயில்கள் பல. அவற்றுட் சிலவற்றை மண்ணால் அடைத்து வைப்பதும், பகைவர் வந்தால் மெல்லிய மண்மூடியை முட்டித் திறந்துகொண்டு வேறு வழியாகத் தப்புவதும் அதன் பழக்கம். வீட்டிற்குள் நுழைந்து வாழும் வழக்கம் அதற்கு இல்லை. இந்த ஒரு செய்தியை நேயர்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டுகிறோம். பின்னர் வரும் வரலாறு முழுவதும் இதனைச் சுற்றியே சுழல்கின்றது.

தமிழர் இப்பிராணியைக் கண்டு அதற்குப் பெயரிட்டது இன்று நேற்றன்று. அகநானூற்றின் 133ஆம் பாட்டில், முல்லை நிலத்துச் செம்மண் மேட்டில் பரற்கற்களிடையே ஆண் வெள்ளெலி ஒன்று புழுதியைக் கிளறும் காட்சி வருகிறது. அதன் கண்ணுக்குக் குன்றிமணி உவமையாகின்றது. பாடியவர் உறையூர் மருத்துவன் தாமோதரனார். நோய் தீர்க்கும் தொழிலினர் ஒருவர் இவ்வெலியை இத்துணைக் கூர்ந்து நோக்கியிருப்பது தற்செயலே. ஆயினும், ஈராயிரம் ஆண்டுகளுக்குப் பின் மருத்துவர் கூட்டம் ஒன்று இதே செம்மண் மேடுகளில் இதே எலியைத் தேடி அலைந்ததை அறிந்தபின் அப்பெயரைப் படிக்கும்போது நமக்கு ஒரு வியப்பு உண்டாகத்தான் செய்கின்றது.

மேனாட்டு விலங்கு நூலார் இதனை அறிந்தது மிகப் பிற்காலத்தில். வங்காளப் பீரங்கிப் படையைச் சேர்ந்த தாமஸ் ஹார்டுவிக் என்பார் காசிக்கும் அரித்துவாரத்திற்கும் இடைப்பட்ட நிலத்தில் இதனைக் கண்டு, 1807ஆம் ஆண்டில் லண்டன் லின்னேயன் கழகத்தின் வெளியீட்டில் விவரித்தார். தாவும் இயல்பைக் கண்டு, பாலைவனங்களில் வாழும் ஜெர்போவா என்னும் தத்தெலியின் இனமாகவே அவர் இதனைக் கொண்டார். பின்வந்தோர் அப்பிழையைத் திருத்தி 'டாட்டெரா இண்டிகா' என்று பெயர் அமைத்தனர். ஆப்பிரிக்கப் புல்வெளிகளில் வாழும் எலிகள் பலவும் நெடுநாள் இதே பேரினத்தில் அடக்கப்பட்டிருந்தன. அண்மைக் காலத்தில் அவற்றைத் தனியே பிரித்துவிட்டனர். ஆதலால் இப்பேரினத்தில் இன்று நம் வெள்ளெலி ஒன்றே எஞ்சி நிற்கின்றது. சிரியா, ஈராக், ஈரான் தொடங்கிப் பாகிஸ்தான், இந்தியா, இலங்கை வரை இதன் வாழிடம் பரந்துள்ளது. வறண்ட புல்வெளி, முட்காடு, மானாவாரி வயல் ஆகியவை உள்ள இடமெல்லாம் இதற்கு வீடு.

சென்ற நூற்றாண்டுக்கு முந்திய நூற்றாண்டில் இவ்வெலியைப் பற்றிக் கவலைப்பட்டவர்கள் உழவர்களே. தென் மராட்டியப் பகுதியில் பணியாற்றிய சென்னை சிவில் அதிகாரி வால்டர் எலியட் ஒரு செய்தியை எழுதி வைத்திருக்கிறார். 1826ஆம் ஆண்டில் மழை பொய்த்தது. அடுத்த பருவத்தில் வயலெலிகள் அளவின்றிப் பெருகி, விதைத்ததையும் விளைந்ததையும் தின்று தீர்த்தன. உழவர் ஆயிரக்கணக்கில் அவற்றைக் கொன்றனர். இத்தனை டஜன் எலிக்கு இத்தனை படி தானியம் என்று கூலியும் பெற்றனர். எலிகளின் தொகை குறைந்ததாகத் தோன்றவில்லை. இது மென்மயிர் கொண்ட வேறோர் வயலெலியின் கதை. 1876 முதல் 1878 வரை நிகழ்ந்த பெரும்பஞ்சத்தை அடுத்துத் தக்காணத்தில் எலிக்கூட்டம் எழுந்தபோது, இதர வயலெலிகளோடு வெள்ளெலியும் அதில் இருந்தது. பஞ்சத்தில் பிழைத்தவன் விதைத்த முதல் விளைச்சலை எலி கொண்டுபோயிற்று என்றால், அவ்வுழவனின் நிலையை நாம் விரித்துரைக்க வேண்டுவதில்லை.

உழவனுக்குத் துணையாக நின்றவர்களும் உண்டு. மண்வேலை செய்யும் ஒட்டர் குலத்தாரும், செங்கற்பட்டுப் பகுதியின் இருளரும் வளையின் வாயிலைக் கண்ட அளவிலேயே உள்ளே இருப்பது எவ்வகை எலி, அது இருக்கிறதா இல்லையா என்று சொல்லிவிடுவர். வளையைத் தோண்டி எலியைப் பிடிப்பதோடு, அது சேர்த்து வைத்த தானியத்தையும் எடுத்துக்கொள்வர். சில மாதங்களில் அத்தானியமே குடும்பத்தின் சோறாகும். நஞ்சு வைத்து எலி கொல்லும் முறைகளை ஆராய அரசாங்கங்கள் பின்னாளிற் செலவிட்ட பொருளை நோக்கும்போது, இம்மக்களின் அறிவைப் போதிய அளவில் மதித்தோமா என்று கேட்கத் தோன்றுகிறது.

இனி நோயின் கதைக்கு வருவோம்.

1896ஆம் ஆண்டு செப்டம்பரில் பம்பாயின் மாண்டவிப் பகுதியில், தானியக் கிடங்குகளை அடுத்த நெருக்கமான குடியிருப்புகளில், காய்ச்சலும் கக்கத்திலும் தொடையிடுக்கிலும் நெறி கட்டுதலுமாகச் சிலர் இறந்தனர். அக்காசியோ வியேகாஸ் என்னும் மருத்துவர் இது பிளேக் என்று கண்டு கூறினார். இரண்டாண்டுகளுக்கு முன் ஹாங்காங்கில் அலெக்சாந்தர் எர்சின் இந்நோயின் கிருமியைக் கண்டுபிடித்திருந்தார். கிருமி தெரிந்தது; அது ஒருவரிடமிருந்து மற்றொருவர்க்கு எவ்வாறு செல்கிறது என்பது தெரியவில்லை. தெரியாத நிலையில் அரசாங்கம் செய்தவை கடுமையாயின. 1897 பிப்ரவரியில் கொள்ளை நோய்ச் சட்டம் இயற்றப்பட்டது. வீடுகளிற் புகுந்து சோதித்தனர், தட்டுமுட்டுகளைக் கொளுத்தினர், கூரைகளைப் பிரித்தனர், நோயுற்றார் என ஐயுற்றவர்களைக் குடும்பத்தினின்றும் பிரித்துக் கொண்டுபோயினர். புனாவில் மூண்ட சினம் அவ்வாண்டு ஜூன் 22ஆம் நாள் பிளேக் அதிகாரி ராண்டின் மீது சாபேகர் சகோதரர் சுட்ட துப்பாக்கியில் வெளிப்பட்டது. பம்பாயிலிருந்து பல லட்சம் மக்கள் ஓடினர். ஆலைகள் ஆளின்றிக் கிடந்தன.

ஓடியவர்களுள் பெரும்பாலோர் பிழைப்பிற்காக வெளியூரிலிருந்து வந்தவர்கள். ஊர் விட்டு ஊர் வந்து வாழும் நமக்கு இதன் பொருள் எளிதில் விளங்கும். நோய் வந்தபோது நகரம் அவர்களை ஐயத்தோடு நோக்கிற்று. ஊருக்குத் திரும்பினால் ஊரும் ஐயத்தோடு நோக்கிற்று. இரயில் நிலையங்களில் பிரயாணிகளை இறக்கி வரிசையாக நிறுத்திக் கைபிடித்துப் பார்த்தனர். நோய் கண்ட பகுதிகளிலிருந்து சென்னை மாகாணத்திற்குள் வருவோர்க்குப் 'பிளேக் பாஸ்போர்ட்' என்றொரு சீட்டுத் தரப்பட்டது. அதைப் பெற்றவர் தாம் சென்ற ஊரில் பத்து நாள் வரை அதிகாரியின் முன் தோன்றித் தாம் நலமாக இருப்பதைக் காட்ட வேண்டும். மகளைப் பார்க்கப் போன கிழவியும், அறுவடைக்குப் போன கூலியாளும் இவ்வாறு தாம் நோயாளி அல்லர் என்று நாள்தோறும் மெய்ப்பிக்க வேண்டியவராயினர். முதல் வகுப்பிற் சென்ற பெருமக்களுக்கு இத்தொல்லை மிகக் குறைவு என்பதைச் சொல்லாமல் விடுவதற்கில்லை.

1898 ஆகஸ்டில் நோய் பெங்களூரை அடைந்தது. நகரிலும் பாளையத்திலும் ஆயிரக்கணக்கானோர் மாண்டனர். கன்டோன்மெண்ட் என்று வழங்கிய பாளையப் பகுதியில் தமிழர் தொகை மிகுதி. படையோடு வந்தவர், கட்டட வேலைக்கு வந்தவர், வணிகர், வண்டிக்காரர் என அங்கே நம்மவர் நெருங்கி வாழ்ந்தனர். அந்நெருக்கத்தைக் குறைக்கும் பொருட்டே பின்னர்ப் பிரேசர் டவுன் என்னும் புதுக் குடியிருப்பு அமைந்தது. நகர்ப் பக்கம் மல்லேசுவரமும் பசவனகுடியும் விரிந்தன. இன்று அத்தெருக்களின் அகலத்தையும் நேர்மையையும் புகழ்வோர், அவற்றை அளந்து வைத்தது எலியின் மீதிருந்த அச்சமே என்பதை எண்ணுவதில்லை. மக்கள் தம் வழியில் செய்ததும் ஒன்றுண்டு. பெங்களூரிலும் கோவையிலும் பிளேக் மாரியம்மன் என்ற பெயரோடு அம்மன் கோயில்கள் எழுந்தன. ஐரோப்பியப் பெயர் ஒன்று அம்மனின் பெயரோடு சேர்ந்து நிலைத்துவிட்டது.

நோய் எலியிடமிருந்து மனிதனுக்கு எவ்வாறு வருகிறது என்னும் புதிரை அவ்வாண்டிலேயே ஒருவர் விடுவித்தார். கராச்சியில் பணியாற்றிய பிரெஞ்சு மருத்துவர் பால் லூயி சிமோன் ஒரு கண்ணாடிச் சாடியில், தெள்ளுப்பூச்சிகளோடு கூடிய நோயுற்ற எலியை வைத்தார். நலமான எலி ஒன்றைக் கம்பி வலைக் கூண்டில் அடைத்து, நோயெலியை அது தீண்ட முடியாதபடி மேலே தொங்கவிட்டார். நோயெலி இறந்தது. சில நாட்களில், அதனை ஒருபோதும் தீண்டாத மற்றை எலியும் பிளேக்கினால் இறந்தது. இடையே தாவிச் சென்றது தெள்ளு ஒன்றே. எளிய சோதனை. அறிஞர் உலகம் அதனை நம்ப மறுத்தது. 1905ஆம் ஆண்டிற்குப் பின் பம்பாய்ப் பரேலில் ஆராய்ச்சிக் குழுவினர் தனிக் குடில்கள் அமைத்துச் செய்த சோதனைகளே ஐயத்தைத் தீர்த்தன. எலி இறந்து உடல் குளிர்ந்ததும் தெள்ளு அதனை விட்டு நீங்கும். வேறு எலி கிட்டாவிடில் மனிதனைக் கடிக்கும். கிருமிகள் பெருகி அதன் தொண்டையை அடைத்துக்கொள்வதால், பசியோடு மேன்மேலும் கடித்து, உறிஞ்சிய இரத்தத்தைக் கிருமியோடு கடிவாயிலேயே கக்கும். தெள்ளின் தொண்டை அடைபடுவதை 1914இல் பேக்கட், மார்ட்டின் ஆகிய இருவர் விளக்கினர். ஆக, பிரயாணியின் கையைப் பிடித்துப் பார்த்ததாலும் அவன் பாயைக் கொளுத்தியதாலும் பயன் சிறிதே. நோய் தானிய மூட்டைகளோடும் அவற்றில் ஒளிந்த எலிகளோடும் இரயிலேறிக்கொண்டிருந்தது. 1907ஆம் ஆண்டில் மட்டும் 12 லட்சத்திற்கு மேற்பட்டோர் இறந்தனர். நோய் அடங்குமுன் இந்நாட்டில் அது கொண்ட உயிர்கள் ஒரு கோடிக்கும் அதிகம்.

இத்துணை அழிவிலும் சென்னை நகரம் பெரும்பாலும் தப்பிற்று. அதற்கு ஆய்வாளர் காட்டிய காரணங்களுள் ஒன்று சுவையானது. தெள்ளுகளில் இனங்கள் பல. பம்பாய் எலிகளில் மிகுந்திருந்தது 'கியோபிஸ்' என்னும் இனம். பிளேக்கைப் பரப்புவதில் அதற்கு நிகரில்லை. சென்னையிலும் கொழும்பிலும் மிகுந்திருந்ததோ 'அஸ்டியா' என்னும் இனம். அது நோயைப் பரப்பும் ஆற்றல் குன்றியது என்று கொழும்பு நகரில் ஆய்வு நடத்திய ஃபேபியன் ஹர்ஸ்ட் கூறினார். அஸ்டியாவின் பழைய வீடு எது? வயல்வெளி வெள்ளெலியின் உடல். காட்டெலியின் தெள்ளு நகரத்து எலியின் மேல் குடியேறியிருந்ததால் சென்னை மக்கள் பலர் உயிர் பிழைத்தனர் என்று கொள்ள இடமுண்டு. வெப்பமும் இதற்குத் துணை செய்தது.

அக்காலத்தில் எவரும் வெள்ளெலியைக் குற்றவாளியாக எண்ணவில்லை. ஆராய்ச்சி அனைத்தும் வீட்டெலியையும் சாக்கடை எலியையும் பற்றியனவே. பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகம் 1911ஆம் ஆண்டு முதல் 1923 வரை நடத்திய பாலூட்டிக் கணக்கெடுப்பில் வெள்ளெலியின் தோல்கள் பல மாவட்டங்களிலிருந்தும் சேர்ந்தன. அவை விலங்கியலுக்குரிய பொருள்களாகவே அலமாரிகளில் அமர்ந்தன. ஆனால் ஒரு வினா விடையின்றி நின்றது. வீட்டெலிக்கு நோய் வந்தால் கூட்டம் கூட்டமாக மடிகிறது. மடிந்தபின் அவ்வூரில் நோய் ஒழிய வேண்டும். ஒழிந்தும் போகிறது. பின் சில ஆண்டுகள் கழித்து, வெளித்தொடர்பு அதிகமில்லாத அதே சிற்றூர்களில், அது எங்கிருந்து மீண்டும் முளைக்கிறது? இடைக்காலத்தில் அது எங்கே உறங்கியிருந்தது?

விடை கண்டவர்கள் ஈரானிலிருந்து வந்தனர். தெஹ்ரானில் உள்ள பாஸ்டர் நிலையத்தின் தலைவராயிருந்த மார்செல் பால்டசார், அவர்தம் துணைவர் பஹ்மன்யார் ஆகிய இருவரும் குர்திஸ்தான் மேடுகளில் வாழும் காட்டெலிகளை ஆராய்ந்து, சில இனங்கள் கிருமியைத் தாங்கிப் பிழைக்க, வேறு சில அதற்கு எளிதில் இரையாவதால், இருவகையும் கலந்து வாழும் வளைகளில் நோய் நீங்காது நிலைக்கிறது என்று காட்டியிருந்தனர். பின்னர் அவர்கள் உத்தரப் பிரதேசச் சிற்றூர்களுக்கு வந்தனர். வீடுகளை விட்டு வயல்களுக்குச் சென்று வளைகளைத் தோண்டினர். அவர்கள் கண்ட முடிவு 1960ஆம் ஆண்டில் உலக சுகாதார நிறுவனத்தின் ஆய்விதழில் வெளிவந்தது. பிளேக்கை நிலையாகக் காத்து வைத்திருப்பது வயல்வெளி வெள்ளெலி; வீட்டெலியிடம் தோன்றும் நோய் அதிலிருந்து கிளைத்தது. அறுபதாண்டுகளுக்கு மேலாக வீட்டுக்குள் தேடிய பொருள் வேலிக்கு வெளியே இருந்தது.

இக்கண்டுபிடிப்பு வெளியான காலத்தில் நோய் தானாகவே தேய்ந்துகொண்டிருந்தது. மலேரியாவை ஒழிக்க வீடுதோறும் தெளித்த டி.டி.டி. மருந்து கொசுவோடு தெள்ளையும் குறைத்தது. ஸ்ட்ரெப்டோமைசின் நோயுற்றவரைக் காத்தது. இறுதியில் நோய் ஒதுங்கி நின்ற இடங்களுள் ஒன்று, நாம் தொடக்கத்திற் கூறிய மும்முனைப் பகுதி. 1966ஆம் ஆண்டில் கோலார் மாவட்டத்து முல்பாகல் பக்கம் ஒருவர்க்குப் பிளேக் உறுதிப்பட்டது. அதன் பின் இந்நாட்டில் இருபத்தெட்டு ஆண்டுகள் மனிதரிடம் அது காணப்படவில்லை.

காணப்படவில்லை என்றோமே ஒழிய, ஒழிந்தது என்று கூறவில்லை. அதனை உணர்ந்த அறிஞர் பெங்களூரில் பிளேக் கண்காணிப்புப் பிரிவு ஒன்றை நடத்தி வந்தனர். 1963இல் நிறுவப்பட்டு, இன்று தேசிய நோய்க் கட்டுப்பாட்டு மையம் என்று வழங்கும் நிறுவனத்தின் கிளை அது. நோயே இல்லாத நாட்டில் நோய்க்குக் காவல் இருப்போரை மக்கள் பெரிதாக மதிப்பதில்லை. பொறி வைப்பதும், எலியைச் சீப்பால் வாரித் தெள்ளு எண்ணுவதும், இரத்தம் எடுத்துச் சோதிப்பதும் ஆண்டுக்கணக்கில் நடந்தன. கிருமியை எதிர்த்து நின்ற அடையாளங்கள் காட்டெலிகளின் இரத்தத்தில் அவ்வப்போது தென்பட்டன. வெள்ளெலி தன் வளையில் அப்பழைய கணக்கை மூடாமலே வைத்திருந்தது.

1993 செப்டம்பர் 30ஆம் நாள் விடியற்காலையில் மராட்டிய மாநிலத்து லாத்தூர்ப் பகுதியை நிலநடுக்கம் தாக்கிற்று. ஆயிரக்கணக்கானோர் மடிந்தனர். பீட் மாவட்டத்தின் மாம்லா முதலிய சிற்றூர்களில் மக்கள் விரிசல் கண்ட வீடுகளை விட்டு வெளியே குடிசைகளில் தங்கினர். கைவிட்ட வீடுகளில் தானியம் இருந்தது. ஆளில்லாத வீடு, அளவில்லாத தானியம். எலிகள் பெருகின. வயலெலிக்கும் வீட்டெலிக்கும் இடையே இருந்த வரம்பு குலைந்தது. 1994 ஆகஸ்டில் மாம்லாவில் எலிகள் செத்து விழுந்தன; தெள்ளுக்கடி மிகுந்தது; செப்டம்பரில் நெறி கட்டிய நோயாளிகள் தோன்றினர். வளையில் இருந்த நோய் வீட்டுக்கு வந்த வழி இதுவே என ஆராய்ந்தோர் கருதினர். மண்ணதிர்ச்சியால் எலிகள் வளையை விட்டுக் கலைந்ததையும் சிலர் காரணமாகக் காட்டினர்.

அம்மாதத்திலேயே சூரத் நகரில் நுரையீரலைத் தாக்கும் பிளேக் எழுந்தது. ஐம்பதுக்கு மேற்பட்டோர் இறந்தனர். மாண்டவர் தொகையைவிட ஓடியவர் தொகை பல ஆயிரம் மடங்கு. நெசவாலைகளிலும் வைரப் பட்டறைகளிலும் வேலை செய்த பிற மாவட்டத்தாரும் பிற மாநிலத்தாரும் சில நாட்களில் லட்சக்கணக்கில் வண்டியேறினர். அவர்கள் இறங்கிய நிலையங்களில் முகத்தை மூடியவர்கள் நின்று அவர்களைச் சோதித்தனர். 1897ஆம் ஆண்டு திரும்பி வந்தது போலிருந்தது. வெளிநாடுகள் நம் விமானங்களை நிறுத்தின. நம் மக்களை ஓரமாக நிற்கச் சொல்லின. உள்நாட்டில் தொழிலாளிக்கு நேர்ந்ததே உலக அரங்கில் நாட்டுக்கும் நேர்ந்தது. 2020இல் வேறொரு நோய் வந்தபோதும், 1897ஆம் ஆண்டுச் சட்டத்தையே எடுத்து வழங்கினர். வெளியூர்த் தொழிலாளர் நெடுஞ்சாலைகளில் நடந்ததை நாம் அனைவரும் கண்டோம். நம்மில் நடந்தவர்களும் உண்டு.

வெள்ளெலியை வேரறுத்துவிட்டால் என்ன என்று நேயர்கள் கேட்கக்கூடும். எலியட் காலத்து உழவர் அதற்கு விடை கூறிவிட்டனர். ஓரிடத்தில் கொன்று குவித்தால் அடுத்த மேட்டிலிருந்து வந்து வெறுவளைகளில் குடியேறும். பிளேக் உள்ள இடத்தில் இதனால் வேறொரு கேடும் உண்டு. எலி மாண்டால், தங்க இடமிழந்த தெள்ளுகள் வேறுடல் தேடும். ஆகையால் முதலில் தெள்ளைக் கொன்று, அதன் பின்னரே எலியைக் கொல்ல வேண்டும் என்பது மருத்துவத் துறையின் கண்டிப்பான விதி. வேளாண்மைத் துறையின் நோக்கு வேறு. ஜோத்பூரில் 1959இல் அமைந்த மத்திய வறண்ட மண்டல ஆராய்ச்சி நிலையத்தில் ஈஷ்வர் பிரகாஷ் முதலிய அறிஞர் பாலை நிலத்து எலிகளை ஆண்டுக்கணக்கில் ஆராய்ந்து, எந்த எலி எந்த மண்ணில் வாழும், எம்மாதத்தில் ஈனும், எப்போது அடக்கலாம் என வகுத்தனர். அவர்களுடைய நூல்களைப் பார்த்தால், பகையென்று கருதிய பிராணியை நெடுநாள் நோக்கியிருந்தவர்க்கு அதன்பால் உண்டாகும் ஒருவகைப் பரிவும் வரிகளிடையே தெரிவதாக நமக்குத் தோன்றுகிறது.

ஆந்தைக்கும் நரிக்கும் பாம்புக்கும் காட்டுப்பூனைக்கும் வெள்ளெலி நாளுணவு. அது தோண்டிய வளை பல்லிக்கும் பாம்புக்கும் தேளுக்கும் புகலிடம். அது சிந்திய விதை அடுத்த மழையில் முளைக்கும். 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் எலிகளைக் காக்கையோடும் பழந்தின்னி வௌவாலோடும் சேர்த்துத் தீங்குயிர்ப் பட்டியலில் வைத்தது. 2022இல் சட்டத்தைத் திருத்தியபோது அப்பட்டியலையே நீக்கிவிட்டனர். இச்செய்தி நாளிதழ்களில் ஒரு மூலையில் வந்தது. வெள்ளெலி இன்றும் அருகிவிடவில்லை. உலகத்தார் வகுத்த அட்டவணையில் கவலைக்கு இடமில்லாத இனங்களுள் ஒன்றாகவே உள்ளது. ஆனால் பெங்களூரைச் சுற்றிய செம்மண் மேடுகள் மனைகளாகி வருகின்றன. கரம்பாகக் கிடந்த நிலத்தில் சுற்றுச்சுவர் எழும்போது, அங்கே இருந்த வளைகளின் நிலை என்னவென்று எவரும் கேட்பதில்லை. வீட்டெலி மட்டும் எச்சுவரையும் தாண்டி நம்மோடு வந்து சேர்ந்துவிடுகிறது.

2002இல் இமாசலப் பிரதேசத்தின் சிம்லா மாவட்டத்திலும், 2004இல் உத்தரகாண்டத்தின் உத்தரகாசிப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றிலும் நோய் மறுபடி தலைகாட்டிற்று. முன்னதில் 16 பேர்க்கு நோய் கண்டு 4 பேர் இறந்தனர். பின்னதில் 8 பேர்க்கு நோய். 3 பேர் இறந்தனர். இரண்டும் மலை நாடு. வெள்ளெலியின் வறண்ட சமவெளியன்று. இரண்டிடத்தும் மருத்துவர் விரைந்து சென்றனர். நோய் அவ்வூர்களைத் தாண்டவில்லை. மக்கள் வண்டியேறி ஓடவும் இல்லை. கிருமியை உடனே கண்டுகொள்ளும் கைகளும் கூடங்களும் 1994இன் பின் பெருகியிருந்தமையே இதற்குக் காரணம்.

கோலார், சித்தூர், தருமபுரி என மூன்று மாவட்டங்களின் எல்லை அக்காலத்தில் கூடியிருந்த அந்நிலத்தில் கண்காணிப்பாளர் செய்த வேலையின் முறை எளியது. மாலையில் கம்பிப் பொறிகளில் வறுத்த கடலையோ மாவோ வைத்து, புதிதாகக் கீறிய மண் கிடக்கும் வளை வாயில்களின் அருகே வைப்பர். எவ்வளையில் எலி உண்டு என்பதை ஊரார் காட்டுவதுண்டு. அவர்களிற் சிலர் கன்னடம் பேசுவர், சிலர் தெலுங்கு, சிலர் தமிழ். வெயில் ஏறுமுன் பொறிகளை எடுத்துத் துணிப்பைகளில் இட்டு, ஊரின் பெயரும் நாளும் எழுதிய சீட்டைக் கட்டி, பெங்களூருக்கு அனுப்புவர். கறுத்த குச்சத்தோடு பைக்கு வெளியே நீண்டிருக்கும் வால் ஒன்றே உள்ளே இருப்பது வெள்ளெலி என்று காட்டிவிடும்.